கசாப்புக்காரன், முடிதிருத்துபவன், கார்பைடு காலே: எல்பே வழியே சில நாள்கள்

சனி, ஹாம்பர்க்

எர்வின் கெஷோனெக் என்ற பெயரை விடுதி வரவேற்பில் இருந்த இளைஞரிடம் சொன்னேன். உதட்டைப் பிதுக்கினார். ஹாம்பர்க்கிலேயே பிறந்து வளர்ந்தவர், வயது இருபத்தைந்துக்குள் இருக்கும். அவரைக் குறை சொல்ல முடியாது. கிழக்கு ஜெர்மனியில் வளர்ந்து ஐம்பதைத் தாண்டிய எவரிடமாவது கேட்டால் கதையே வேறு. 1990இல் நாடு ஒன்றானது, நடிகர்கள் மட்டும் இன்னும் கோட்டுக்கு அந்தப் பக்கமே நிற்கிறார்கள்.

நம்மூர் வழக்கில் சொன்னால் குணச்சித்திர நடிகர். 1906 டிசம்பர் 27 அன்று கிழக்குப் பிரஷ்யாவின் பார்ட்டன்ஷ்டைனில், ஏழைச் செருப்புத் தொழிலாளியின் மகனாகப் பிறந்தார். அந்த ஊர் இன்று போலந்தில் இருக்கிறது. வளர்ந்தது பெர்லினில். எடுபிடி வேலை, கூலி வேலை, 1929இல் கம்யூனிஸ்ட் கட்சி, தெருமுனை நாடகம். 2008 மார்ச்சில் இறந்தபோது வயது 101. இந்த நூற்றொரு வருஷத்தின் முக்கியமான இடங்கள் பலவும் எல்பே ஆற்றை ஒட்டியே வருகின்றன. அதனால் ஹாம்பர்க்கில் தொடங்கி ஆற்றை எதிர்த்து மேலே போவது என்று திட்டம்.

முதலில் ஆல்டோனா. 1933 ஆகஸ்ட் 1 அன்று இங்கே நீதிமன்றத்தின் பின்முற்றத்தில் நான்கு பேரைக் கோடரியால் வெட்டிக் கொன்றார்கள். அதற்கு முந்தைய ஆண்டு நாஜி ஊர்வலம் ஒன்று இந்த வட்டாரத் தெருக்களில் புகுந்தபோது நடந்த மோதலில் 18 பேர் இறந்தார்கள். பழி கம்யூனிஸ்டுகள் மேல் விழுந்தது. அந்தத் தீர்ப்பு தவறென்று ரத்தானது 1992இல்தான். கோடரி எடுத்த ஒரு கசாப்புக்காரர் பிறகு தற்கொலை செய்துகொண்டதாகச் செய்தித்தாளில் வந்த ஒரு சிறு குறிப்பை, பாலஸ்தீனத்தில் அகதியாக இருந்த ஆர்னால்ட் ஸ்வைக் படித்தார். அதிலிருந்து ஒரு நாவல். அந்த நாவலிலிருந்து 1951இல் ஃபால்க் ஹார்னாக் எடுத்த படம் ‘வாண்ட்ஸ்பெக்கின் கோடரி’. கசாப்புக்காரன் ஆல்பர்ட் டேட்யனாக கெஷோனெக்.

டேட்யன் கெட்டவன் இல்லை. கடையில் வியாபாரம் படுத்துவிட்டது. பெரிய கடைகளோடு போட்டி போட முடியவில்லை. போர்க்காலத்து நண்பன் ஒருவன் இப்போது செல்வாக்கான இடத்தில் இருக்கிறான், அவனுக்கு ஒரு கடிதம் போடுகிறான். வேலை கிடைக்கிறது. கூலி 2,000 மார்க், நான்கு தலைகள். செய்தது யாரென்று வெளியே தெரியாது என்று நம்புகிறான். தெரிந்துவிடுகிறது. கடைக்கு வருகிறவர்கள் ஒவ்வொருவராக நின்றுபோகிறார்கள். மனைவி தூக்கு மாட்டிக்கொள்கிறாள், அவன் சுட்டுக்கொள்கிறான்.

நாஜி முகாம்களில் ஆறு வருஷம் கிடந்து மீண்ட ஒருவர், நாஜிகளுக்காகத் தலை வெட்டியவனை நடிக்கிறார். எல்லாரும் எதிர்பார்ப்பது ஓர் அரக்கனை. அவர் காட்டுவது கணக்குப் புத்தகத்தைப் புரட்டிப் புரட்டிக் கவலைப்படும் ஒரு கடைக்காரனை. அவன் கண்ணில் தெரியும் பயம் நமக்கும் பழக்கமான பயம்தான். கிழக்கு ஜெர்மனியின் ஆளும் கட்சிக்காரர்களுக்கு அதுதான் பொறுக்கவில்லை. கொலைகாரன்மேல் இரக்கம் வருகிறது என்று சொல்லி, வெளிவந்த சில வாரங்களிலேயே படத்தைத் திரையரங்குகளிலிருந்து எடுத்துவிட்டார்கள். ஹார்னாக் மேற்கே போய்விட்டார். ஸ்வைக்கின் 75ஆவது பிறந்தநாளையொட்டி 1962இல் வெட்டிக் குறைத்த ஒரு பிரதி வெளிவந்தது. முழுப்படம் மறுபடி திரைக்கு வர இன்னும் இருபது வருஷம் ஆனது.

அவருடைய வேடங்களில் நான் முதலிடம் கொடுப்பது இதற்குத்தான். காலே ரசிகர்கள் மன்னிக்க வேண்டும். காலே யாரென்று செவ்வாய்க்கிழமை சொல்கிறேன்.

சாயங்காலம் ஹார்ட்டுங் தெருவில் காமர்ஷ்பீலே அரங்கை வெளியிலிருந்து பார்த்தேன். நாஜி காலத்தில் யூதக் கலைஞர்கள் ஒதுக்கப்பட்டு, தங்களுக்குள் மட்டும் நாடகம் போட்டுக்கொண்ட கட்டடம். போர் முடிந்த அதே 1945 டிசம்பரில் ஈடா ஏரே என்ற யூத நடிகை இதைத் திரும்பத் திறந்தார். முகாமிலிருந்து வெளியே வந்த கெஷோனெக்கின் முதல் ஒழுங்கான மேடை வேலை இங்கேதான்.

ஞாயிறு, நொயென்காமெ

பெர்கெடார்ஃப் வரை நகர ரயில், பிறகு பேருந்து. வழியெல்லாம் காய்கறித் தோட்டம், பூந்தோட்டம். சட்டென்று ஒரு பரந்த வெளி, செங்கல் கட்டடங்கள். கைதிகளை வைத்துச் செங்கல் அறுக்க எழுப்பிய முகாம் இது. செங்கலை ஏற்றிப்போகக் கால்வாய் வெட்டியதும் கைதிகள்தான். போருக்குப் பிறகு ஹாம்பர்க் நகரம் இதே இடத்தைச் சிறைச்சாலையாக வைத்துக்கொண்டது. கடைசிச் சிறைக்கட்டடம் இங்கிருந்து போனது 2006இல். படித்துத் தெரிந்துகொண்ட விஷயம்தான், ஆனாலும் அங்கே நின்று யோசிக்கையில் கோபம் வந்தது.

கெஷோனெக் இங்கே வந்து சேர்ந்த வழி நீளமானது. 1933இல் நாட்டை விட்டு ஓடினார். போலந்து, பிராக், பிறகு சோவியத் ஒன்றியம். அங்கே ஜெர்மன் மொழி நாடகக் குழுக்களில் நடித்தார். 1938இல் அங்கிருந்தும் வெளியேற வேண்டியதாயிற்று. எந்த நாட்டை நம்பிப் போனாரோ அந்த நாடே போ என்றது. திரும்பப் பிராக். 1939 மார்ச்சில் ஜெர்மன் படை பிராக்கில் நுழைந்தது, அந்த மாதக் கடைசியில் இவரைப் பிடித்தார்கள். முதலில் சாக்ஸன்ஹவுசன், அடுத்து டாஹவ், கடைசியில் நொயென்காமெ.

டாஹவ் முகாமில் நடந்த ஒன்றை இங்கே சொல்லியாக வேண்டும். 1943 கோடையில் வியன்னாப் பத்திரிகையாளர் ருடால்ஃப் கால்மார் என்ற கைதி ஒரு நாடகம் எழுதினார். மேலோட்டமாகப் பார்த்தால் பழைய வீரப்பிரபு கதையைக் கிண்டலடிக்கும் கூத்து. பிரபுவின் பெயர் அடோலார். அடோல்ஃப் ஹிட்லரை நினைவூட்ட அந்தப் பெயரே போதும். அடோலாராக கெஷோனெக், முன்வரிசையில் முகாமை நடத்திய நாஜிப் படையான எஸ்எஸ் அதிகாரிகள். அவர் கையை வீசி, குரலை ஏற்றி இறக்கிப் பேசியது யாரைப்போல என்று பின்னால் இருந்த கைதிகளுக்கெல்லாம் புரிந்தது. முன்னால் இருந்தவர்கள் சிரித்தார்கள், கைதட்டினார்கள். ஒரு நாள் கூத்தில்லை, வாரக்கணக்கில் நடந்தது.

நாடகாசிரியர் ப்ரெக்ட் வந்துதான் இவரைச் செதுக்கினார் என்று எழுதுகிறவர்கள் உண்டு. எனக்கு அதில் சந்தேகம். தப்பாக ஓர் அசைவு செய்தால் உயிர் போகும் என்ற இடத்தில் நடித்துப் பழகிய ஆளுக்கு யாரும் அளவு கற்றுத்தர வேண்டியதில்லை.

திங்கள், நொய்ஷ்டாட்

லூபெக்கில் மாறிப் போக வேண்டிய கடற்கரை ஊர். எல்பேயிலிருந்து விலகிப் பால்டிக் கடலுக்கு வந்திருக்கிறேன், காரணம் ஒரு கப்பல்.

‘காப் ஆர்கோனா’ 1927இல் ஹாம்பர்க்கில் கட்டிய உல்லாசக் கப்பல். தென் அமெரிக்காவுக்குப் பணக்காரர்களை ஏற்றிப்போனது. போர்க்காலத்தில் நாஜிகள் எடுத்த டைட்டானிக் படத்துக்கு இதன் தளத்தில் படப்பிடிப்பு நடந்தது. மூழ்கும் கப்பலாக வேஷம் கட்டிய கப்பல். 1945 ஏப்ரல் கடைசியில் நொயென்காமெ முகாமைக் காலி செய்து, கைதிகளை லூபெக் வளைகுடாவில் நின்ற கப்பல்களில் அடைத்தார்கள். காப் ஆர்கோனாவில் மட்டும் சுமார் 4,500 பேர். கெஷோனெக்கும் அதில் இருந்தார்.

மே 3 பிற்பகல். பிரிட்டிஷ் தரைப்படை இந்த ஊருக்குள் நுழைந்துகொண்டிருக்கிறது. பிரிட்டிஷ் விமானங்கள் மேலே வந்து அதே கப்பல்களைத் தாக்குகின்றன. உள்ளே இருப்பது தப்பியோடும் ஜெர்மன் துருப்புகள் என்று நினைத்தார்கள். கைதிகள் இருக்கிறார்கள் என்ற தகவல் விமானிகளுக்குப் போய்ச் சேரவில்லை. கப்பல் எரிந்து ஒருபக்கமாகச் சாய்ந்தது. பக்கத்தில் நின்ற ‘தீல்பெக்’ கப்பலையும் சேர்த்து இறந்தவர்கள் ஏறத்தாழ 7,000 பேர். காப் ஆர்கோனாவிலிருந்து பிழைத்த கைதிகள் சில நூறு பேர்தான். மறுநாள் இந்தப் பகுதியின் ஜெர்மன் படைகள் சரணடையக் கையெழுத்திட்டன.

கடற்கரைச் சாலையை ஒட்டி ஒரு கல்லறைத் தோட்டம் இருக்கிறது. அதற்குச் சற்றுத் தள்ளி ஐஸ்கிரீம் கடை, சாய்வு நாற்காலிகள், குழந்தைகள். நான் போன நேரம் வெயில் நன்றாக அடித்தது. கடற்கரை நிரம்பியிருந்தது. பிரேதங்களும் எலும்புகளும் இந்தக் கரைகளில் பல வருஷம் ஒதுங்கிக்கொண்டே இருந்தன.

அவருடைய அனுபவத்தை வைத்துக் கிழக்கு ஜெர்மன் தொலைக்காட்சி 1982இல் ஒரு படம் எடுத்தது. எழுபதைத் தாண்டிய வயதில் அவரே நடித்தார்.

செவ்வாய், விட்டன்பெர்கே

மார்ட்டின் லூதரின் விட்டன்பெர்க் வேறு, அது இங்கிருந்து வெகுதூரம். இந்த விட்டன்பெர்கே ஹாம்பர்க்குக்கும் பெர்லினுக்கும் நடுவில், எல்பே கரையில் இருக்கும் தொழிற்சாலை ஊர். இங்கே தையல் எந்திரம் செய்தார்கள். முதலில் சிங்கர், கிழக்கு ஜெர்மனிக் காலத்தில் வெரிடாஸ். ஆலை 1991 கடைசியில் மூடப்பட்டது. ஆலையின் மணிக்கூண்டு மட்டும் ஊருக்கே தெரிகிற உயரத்தில் நிற்கிறது. ரயில் நிலையம் ஊரை விடப் பெரிது என்று தோன்றும்.

இங்கே நான் இறங்கியது காலேவுக்காக. ஃப்ராங்க் பெயர் இயக்கி 1963இல் வந்த ‘கார்பைடும் சுக்கான் கீரையும்’ படத்தின் நாயகன் கார்ல் ப்ளூஹர், கூப்பிடும் பெயர் காலே. 1945, போர் இப்போதுதான் முடிந்திருக்கிறது. டிரெஸ்டனில் ஒரு சிகரெட் ஆலை தரைமட்டமாகிக் கிடக்கிறது. திரும்பக் கட்ட இரும்பைப் பற்றவைக்க வேண்டும், அதற்கு அசெட்டிலீன் வாயு வேண்டும். கார்பைடில் தண்ணீர் பட்டால் அந்த வாயு வரும். நமக்கெல்லாம் மாம்பழம் பழுக்க வைக்கும் கள்ள வேலையில் தெரிந்த அதே கார்பைடு. அது விட்டன்பெர்கேயில் கிடைக்கும். காலே புகைபிடிக்காதவன், இறைச்சி தொடாதவன். சரி, நீயே போ என்று அனுப்பிவிடுகிறார்கள். ஏழு பீப்பாய் கார்பைடு கையில் கிடைக்கிறது, வண்டிதான் கிடைக்கவில்லை. அங்கிருந்து டிரெஸ்டன் வரைக்கும் அவன் படும் பாடுதான் படம்.

லாரி, குதிரை வண்டி, ஆறு. சோவியத் சிப்பாய்கள் அவனைத் திருடன் என்று பிடிக்கிறார்கள். ஆற்று நடுவே ஓர் அமெரிக்க அதிகாரி மோட்டார் படகில் வருகிறார். கார்லா என்ற பெண்ணைக் கண்டு மனம் தடுமாறுகிறது, ஆனால் பீப்பாய் போய்ச் சேர வேண்டும். பசிக்கு வயல் ஓரத்துக் கீரை. சோவியத் சிப்பாயை வைத்து நகைச்சுவை செய்வது 1963இன் கிழக்கு ஜெர்மனியில் சும்மா இல்லை. பெர்லின் சுவர் எழும்பி இரண்டே வருஷம்.

கெஷோனெக்குக்கு அப்போது 56 வயது. காதல் கதாநாயகன் வயதா இது? படம் பார்க்கையில் அந்தக் கேள்வியே வராது. ஒவ்வொரு சங்கடத்திலும் அவர் முகம் முதலில் கணக்குப் போடும், பிறகுதான் பேசும். என்னைப் பார்த்து ஐயோ பாவம் என்று சொல்லேன் என்று எந்த இடத்திலும் கேட்காது. நகைச்சுவைப் படங்களில் இது அபூர்வம்.

ஆற்றங்கரையில் வெகுநேரம் நின்றேன். நீரோட்டம் ஹாம்பர்க் பக்கம். காலே போக வேண்டியது எதிர்த்திசை. படத்தின் பாதி நகைச்சுவை இங்கே வந்து நின்றால்தான் விளங்குகிறது.

புதன், பெர்லின்

ஷிஃப்பவர்டாம் அரங்கின் முன்னால் ப்ரெக்ட் வெண்கலத்தில் உட்கார்ந்திருக்கிறார், எல்லாரும் மடியில் ஏறிப் படம் எடுத்துக்கொள்கிறார்கள். அவருடைய நாடகக் குழுவான பெர்லினர் ஆன்சாம்பிள் இந்தக் கட்டடத்துக்கு வந்தது 1954இல். அதற்கு முன்னால் வேறொரு அரங்கில் ஒண்டுக்குடித்தனம். அங்கே 1949 நவம்பரில் ‘புன்டிலா’ நாடகத்தோடு குழு தொடங்கியது. குடித்தால் நல்லவனாகவும் தெளிந்தால் கொடியவனாகவும் மாறும் பண்ணையார் புன்டிலாவாக லியோனார்ட் ஷ்டெக்கல், அவருடைய கார் ஓட்டுநர் மட்டியாக கெஷோனெக். பண்ணையார் வேஷத்துக்குத்தான் கைதட்டல் விழும், ஆனால் மட்டி சரியாக அமையாவிட்டால் நாடகமே விழுந்துவிடும். 1952இல் பிறந்த மகனுக்கும் பெயர் மட்டி.

ஐம்பதுகளின் நடுவில் மேடையை விட்டு முழுநேரமாகப் படத்துக்குப் போய்விட்டார். போனது நல்லதுதான் என்பேன். ப்ரெக்ட் குழுவிலேயே இருந்திருந்தால் நாடக ஆய்வாளர்களுக்கு மட்டும் தெரிந்த ஒரு பெயராகியிருப்பார்.

அங்கிருந்து நடந்துபோகிற தூரம் டொரொத்தேயன்ஷ்டாட் கல்லறைத் தோட்டம். ஹேகல், ஃபிக்டே, ப்ரெக்ட், ஹெலெனா வைகல் எல்லாரும் இங்கே. கெஷோனெக்கும் இங்கேதான். ‘கோடரி’ எழுதிய ஆர்னால்ட் ஸ்வைக்கும் இதே தோட்டத்தில் இருக்கிறார். எழுதியவரையும் நடித்தவரையும் ஒரே மதில் சுவருக்குள் பார்த்தது எனக்குப் பிடித்திருந்தது.

மழை வந்துவிட்டது. இன்று இவ்வளவுதான்.

வியாழன், வான்ஸேயும் பாபெல்ஸ்பெர்க்கும்

ஒரே நகர ரயில் பாதையில் இரண்டு இடங்கள், நடுவில் ஒரே ஒரு நிறுத்தம். வான்ஸே ஏரிக்கரை மாளிகையில் 1942 ஜனவரி 20 அன்று நாஜி அதிகாரிகள் கூடி, ஐரோப்பிய யூதர்களைக் கொல்லும் வேலையை எந்தத் துறை எப்படிச் செய்வது என்று பேசினார்கள். அந்தக் கூட்டத்தை வைத்து 2022இல் ஜெர்மன் தொலைக்காட்சிக்கு ஒரு படம் வந்தது. இயக்கியவர் மட்டி கெஷோனெக். அழுகை இல்லை, கூச்சல் இல்லை. கோட் போட்டவர்கள் மேசையைச் சுற்றி உட்கார்ந்து அலுவலக நடைமுறை பேசுகிறார்கள். கொலைகாரனைச் சாதாரண மனிதனாகக் காட்டியதற்காக அப்பாவின் படம் முடங்கியது. மகன் அதையே ஒரு முழுப்படமாகச் செய்துவிட்டார்.

பாபெல்ஸ்பெர்க்கில் 1912 முதல் படம் எடுக்கிறார்கள். 1946இல் தொடங்கிய அரசுப் படநிறுவனமான தேஃபா இங்கிருந்து ஏறக்குறைய 700 கதைப்படங்கள் எடுத்தது. அதன் முதல் வண்ணப்படம் 1950இல் வந்த ‘குளிர்ந்த இதயம்’. மனிதர்களின் இதயத்தை வாங்கிக்கொண்டு மாற்றாகக் கல்லை வைத்து அனுப்பும் பூதம் ஒன்று அதில் வரும். அதுவும் நம் ஆள்தான். கிழக்கு ஜெர்மனிக் குழந்தைகள் பலர் அவரைப் பார்த்து முதலில் பயந்துவிட்டு, பிறகே காலேவாகப் பார்த்துச் சிரித்திருப்பார்கள்.

பொட்ஸ்டாமில் பழைய அரண்மனைக் குதிரை லாயத்தில் திரைப்பட அருங்காட்சியகம் இருக்கிறது. மதியம் முழுக்க அங்கேதான். காவலுக்கு இருந்த பெரியவர் என் ஆர்வத்தைப் பார்த்து, “1961இல் ஐந்து பாகமாகத் தொலைக்காட்சியில் வந்ததே, பார்த்தீர்களா?” என்று கேட்டார். கிரைஃப்ஸ்வால்ட் நகரத்தைச் சண்டையில்லாமல் செஞ்சேனையிடம் ஒப்படைத்த ராணுவக் கர்னலின் கதை அது, கர்னலாக கெஷோனெக். நான் துண்டு துண்டாகத்தான் பார்த்திருக்கிறேன். தன் அப்பா ராணுவத்தில் இருந்தவர் என்றும், அந்தத் தொடர் ஓடும்போது வீட்டில் யாரும் வாய் திறக்கக்கூடாது என்றும் பெரியவர் சொன்னார். அதற்கு மேல் சொல்லவில்லை, நானும் கேட்கவில்லை.

‘ஓநாய்களிடையே நிர்வாணமாக’ படத்தையும் (1963) சொல்லாமல் விடமுடியாது. புஹன்வால்ட் முகாமில் கைதிகள் ஒரு குழந்தையை ஒளித்துவைத்துக் காப்பாற்றும் கதை. கைதிகளின் தலைவர் க்ரேமராக கெஷோனெக். கூட நடித்த பீட்டர் ஷ்டுர்ம் உண்மையிலேயே புஹன்வால்டில் கைதியாக இருந்தவர். பார்க்க வேண்டிய படம், ஆனால் எனக்கு முழு மனநிறைவு இல்லை. கட்சிக்காரக் கைதிகள் எல்லாரும் கற்சிலைபோல நிமிர்ந்தே நிற்கிறார்கள். நிஜத்தில் அந்தக் குழந்தையின் பெயரை ஆஷ்விட்ஸ் கொலைமுகாமுக்கு அனுப்பும் பட்டியலிலிருந்து எடுத்தபோது, வில்லி ப்ளும் என்ற சிறுவனின் பெயர் அதில் ஏறியது. அவன் ரோமா மக்களில் ஒரு பிரிவான ஜெர்மனியின் சிந்தி இனத்தவன். படத்தில் அது இல்லை. கெஷோனெக் இருப்பதால் அந்தத் தலைவர் பாத்திரம் மனிதனாகத் தப்பிக்கிறது. கட்டளை கொடுக்கும்போதுகூட களைப்பு தெரியும்படி நடித்திருக்கிறார்.

சனி, டிரெஸ்டன் வழியாக மோஸ்ட்

டிரெஸ்டனில் ஒரு மசூதிபோலக் கண்ணாடிக் குவிமாடத்தோடு நிற்பது யெனிட்ஸே, 1909இல் கட்டிய சிகரெட் ஆலை. இப்போது உள்ளே அலுவலகங்கள், உணவகம். இந்த ஊர் ஒரு காலத்தில் சிகரெட் ஊராக இருந்ததற்கு இதைவிடச் சாட்சி வேண்டாம். காலே இந்த ஊருக்குத் திரும்புகையில் ஏழு பீப்பாயில் மிச்சம் சொற்பம்.

இங்கிருந்து எல்லை தாண்டிச் செக் நாட்டில் மோஸ்ட். அழகான ஊர் என்று யாரும் சொல்லமாட்டார்கள். பழைய ஊர் நிலக்கரிமேல் உட்கார்ந்திருந்தது, கரிக்காக ஊரையே இடித்தார்கள். ஒரு தேவாலயத்தை மட்டும் தண்டவாளம் போட்டு 1975இல் 841 மீட்டர் நகர்த்திக் காப்பாற்றினார்கள். இடிபாட்டு வேலை நடந்த காலத்தில்தான் ஃப்ராங்க் பெயர் ‘பொய்யன் யாக்கோப்’ படத்துக்கு இங்கே வந்தார். போலந்தில் நாஜிகள் யூதர்களை அடைத்துவைத்த சேரி ஒன்றைக் காட்ட வேண்டும். பாழடைந்த தெருக்கள் இங்கே தயாராகவே இருந்தன.

யாக்கோபிடம் வானொலி இருப்பதாகச் சேரியே நம்புகிறது. செஞ்சேனை நெருங்கிவிட்டது என்று அவன் அவிழ்த்துவிடும் பொய்களால் தற்கொலைகள் நிற்கின்றன. முடிதிருத்தும் நண்பன் கோவால்ஸ்கியாக கெஷோனெக். நச்சரிப்பவன், புதுச் செய்தி கேட்டுக்கொண்டே இருப்பவன், பயந்தவன். யாக்கோப் தாங்க முடியாமல் அவனிடம் மட்டும் உண்மையைச் சொல்கிறான்: வானொலியே கிடையாது. கோவால்ஸ்கி கேட்டுக்கொள்கிறான், ஒன்றும் ஆகாததுபோலப் பேசிவிட்டுப் போகிறான். அன்றிரவு தூக்கு மாட்டிக்கொள்கிறான். அந்த உரையாடலில் கெஷோனெக் எதையும் கூட்டவில்லை. அடுத்த காட்சி வந்த பிறகுதான் முந்தைய காட்சியில் அவர் முகத்தில் என்ன இருந்தது என்று நமக்கு உறைக்கிறது. நான் திரும்பத் திரும்ப ஓட்டிப் பார்த்த இடம்.

படம் ஆஸ்கருக்கு முன்மொழியப்பட்டது. கிழக்கு ஜெர்மனிப் படங்களில் அந்த இடம் வரை போனது இது ஒன்றுதான். யாக்கோபாக நடித்த செக் நடிகர் வ்லாஸ்டிமில் ப்ரோட்ஸ்கிக்கு பெர்லின் விழாவில் வெள்ளிக் கரடி. மேற்கின் பெரும் நட்சத்திரம் ஹைன்ஸ் ரூமான் யாக்கோப் வேடத்தைக் கேட்டும் கிழக்கு மேலிடம் சம்மதிக்கவில்லை என்பது ஊரறிந்த கதை. கோவால்ஸ்கி வேடத்துக்கு இன்னொருவரை யோசித்தார்களா என்று யாரும் பேசுவதே இல்லை.

கடைசிப் படம் 1995இல், ‘மட்டுல்லாவும் புஷ்ஷும்’ என்ற தொலைக்காட்சிப் படம். இரண்டு கிழவர்களின் கதை, இன்னொரு கிழவராக ஃப்ரெட் டெல்மாரே. இயக்கம் மகன் மட்டி. அப்பாவுக்கு வயது 88.

எங்கிருந்து தொடங்குவது என்று கேட்பவர்களுக்கு: யாக்கோபை முதலில் பார்க்க வேண்டாம், அதில் அவரைத் தேட வேண்டியிருக்கும். கார்பைடில் தொடங்குங்கள், அடுத்து கோடரி. கோடரியை வெட்டாத பிரதியாகப் பார்த்து வாங்குங்கள். இரண்டையும் பார்த்துவிட்டு யாக்கோபுக்கு வாருங்கள்.